வரிசையில் பெண்கள், பட்டாவில் ஆண்கள்

குன்னம் வட்டாட்சியர் அலுவலகத்தின் முன்னால் சாமியானா போட்டிருந்தார்கள். 1434-ஆம் பசலிக்கான ஜமாபந்தி நடந்துகொண்டிருந்தது. உள்ளே நீள மேசைகளில் கிராம வாரியாகக் கணக்குகள் அடுக்கியிருந்தன: அடங்கல், சிட்டா, அ பதிவேடு, பிறப்பு இறப்புப் பதிவேடு. ஒவ்வொரு அடுக்கின் பின்னாலும் அந்தந்தக் கிராமத்தின் நிர்வாக அலுவலர் (வி.ஏ.ஓ.) நின்றார். வெளியே கிராம உதவியாளர்கள் நில அளவைச் சங்கிலிகளைத் தரையில் நீட்டி வைத்திருந்தார்கள். ஜமாபந்தி அலுவலர் வந்து அவற்றையும் பார்க்க வேண்டும். சங்கிலியில் ஒரு வளையம் நீண்டிருந்தாலும் ஒருவர் வரப்பு இன்னொருவர் வயலுக்குள் போய்விடும் என்பதால் ஏற்பட்ட வழக்கம் இது. எத்தனையோ கருவிகள் வந்த பிறகும் விடாமல் வைத்திருக்கிறார்கள். எனக்கு அதில் மகிழ்ச்சிதான்.

பசலி ஆண்டு ஜூலை 1-இல் தொடங்கி ஜூன் 30-இல் முடியும். முகலாயர் காலத்து வரிக் கணக்கு ஆண்டு. ஆங்கிலேயர் அதைக் கைவிடவில்லை, நாமும் கைவிடவில்லை. அந்த ஆண்டு முடியுமுன் ஒவ்வொரு கிராமத்தின் நிலக் கணக்கையும் மேலதிகாரி ஒருவர் நேரில் உட்கார்ந்து தணிக்கை செய்வதுதான் ஜமாபந்தி. ஒரு நாளைக்கு ஒரு பிர்க்கா (குறுவட்டம்) என்று வரிசையாக முடித்து, கடைசி நாளில் குடிகள் மாநாடு என்று ஒன்று நடத்துவார்கள். அதிகாரிகளுக்கு அது தணிக்கை. மக்களுக்கு அது, ஆண்டுக்கொருமுறை தங்கள் ஊர்க் கணக்குப் புத்தகமும் அதை எழுதியவரும் அவருக்கு மேலே இருப்பவரும் ஒரே இடத்தில் அகப்படும் நாள். அதனால்தான் அங்கே அவ்வளவு கூட்டம்.

சாமியானாவுக்குள் நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தவர்களைப் பார்த்தேன். முன்வரிசையில் துண்டு போட்ட பெரியவர்கள் சிலர். அவர்களுக்குப் பின்னால், அதற்கும் பின்னால், வேப்பமரத்தடி வரைக்கும் பெண்கள். மடியில் மஞ்சள் பை, பைக்குள் பிளாஸ்டிக் உறை, உறைக்குள் ரேஷன் கார்டு, ஆதார், பழைய கிஸ்தி ரசீது, மாமனாரின் இறப்புச் சான்று. மனு எழுதித் தருபவரிடமும் அவர்கள்தான் நின்றார்கள். அலுவலர் பெயர் கூப்பிடும்போது மட்டும் ஆண் பெயராக வந்தது. "இருக்காரா?" என்று கேட்டதற்கு, "சவூதியில இருக்காருங்க. நான் அவரு சம்சாரம்" என்று ஒருவர் எழுந்து போனார். அடுத்துக் கூப்பிட்ட பெயருக்கும் ஒரு பெண்தான் எழுந்தார். அவருடைய கணவர் திருப்பூரில்.

பெரம்பலூர் மாவட்டத்தின் மக்கள்தொகைக் கணக்கைப் படித்துவிட்டுத்தான் இங்கே வந்திருந்தேன். படித்தபோது புரியாத ஓர் எண் அந்தச் சாமியானாவின் கீழே புரிந்தது.

2011 கணக்கெடுப்பில் இந்த மாவட்டத்தின் மக்கள் 5,65,223 பேர். அன்றைக்குத் தமிழ்நாட்டில் இருந்த 32 மாவட்டங்களில் இதுதான் மிகக் குறைவு. 100 பேரில் 83 பேர் கிராமங்களில் வாழ்கிறார்கள். மாநிலம் முழுவதையும் எடுத்துக்கொண்டால் கிட்டத்தட்டப் பாதிப்பேர் நகரவாசிகள். இங்கே பெரம்பலூர் ஒன்றுதான் நகராட்சி. குரும்பலூர், அரும்பாவூர், பூலாம்பாடி, லப்பைக்குடிக்காடு நான்கும் பேரூராட்சிகள். மற்றபடி மக்காச்சோளமும் பருத்தியும் விளையும் கரிசல் மண், மேற்கே பச்சைமலை, செட்டிகுளம் பக்கம் சின்ன வெங்காயப் பட்டறைகள். வற்றாத ஆறு கிடையாது. மாவட்டத் தலைநகருக்கு ரயிலும் கிடையாது. வானம் பார்த்த பூமி என்று எழுதிப் பழகிவிட்டோம். இங்கே பலருக்கு வானம் இரண்டாவது நம்பிக்கைதான். முதல் நம்பிக்கை, மாதம் பிறந்ததும் வளைகுடாவிலிருந்தோ சிங்கப்பூரிலிருந்தோ வர வேண்டிய பணம்.

அந்த எண்ணுக்கு வருகிறேன். ஆண்கள் 2,82,157, பெண்கள் 2,83,066. ஆயிரம் ஆண்களுக்கு 1003 பெண்கள். பெண்கள் கூடுதலாக இருக்கும் மாவட்டம் என்று இதைப் பெருமையாகச் சொல்பவர்களைக் கேட்டிருக்கிறேன். கணக்கெடுப்பவர்கள் யாரை எண்ணுகிறார்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். வழக்கமாக அந்த வீட்டில் வசிப்பவரைத்தான் எண்ணுவார்கள். ரியாத்தில் கட்டட வேலையில் இருப்பவர் பெயர் ரேஷன் கார்டில் இருக்கும், வாக்காளர் பட்டியலில் இருக்கும், பட்டாவிலும் இருக்கும். மக்கள்தொகையில் மட்டும் இருக்காது. அந்த 1003-க்குள் ஊரில் இல்லாத ஆண்கள் ஒளிந்திருக்கிறார்கள். பெண்கள் ஆண்களைவிட நீண்ட நாள் வாழ்வதும் ஒரு காரணம். ஆனால் மரத்தடியில் உட்கார்ந்திருந்தவர்களில் பெரும்பாலோர் கிழவிகள் அல்லர். முப்பதும் நாற்பதுமான வயதினர்.

அவர்களில் ஒருவரிடம் பேச்சுக் கொடுத்தேன். வேப்பூர் ஒன்றியத்து ஊர். ஊர்ப் பெயரையும் அவர் பெயரையும் எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்.

"நீங்க பேப்பர்காரங்களாம்மா? எழுதுனா ஏதாச்சும் நடக்குமா?"

நடக்கும் என்று நான் வாக்குக் கொடுக்கவில்லை. உட்கார இடம் கொடுத்தார்.

அவருடைய சிக்கல் ஊருக்கு ஊர் இருப்பதுதான். மாமனார் பெயரில் இரண்டே முக்கால் ஏக்கர் புஞ்சை. அவர் இறந்து பல வருடங்கள் ஆகின்றன. இரண்டு மகன்கள், ஒரு மகள். மூத்தவர் திருப்பூரில் பனியன் கம்பெனியில் இருக்கிறார். இளையவர் இவருடைய கணவர், சவூதியில். மகள் செந்துறைப் பக்கம் வாழ்க்கைப்பட்டுப் போனவர். நிலத்தில் உழுவதற்கு வண்டி பிடிப்பது, பருத்தி போடுவது, மருந்தடிக்க ஆள் சேர்ப்பது, எடை போட்டு விற்பது எல்லாம் இவர். பட்டா இன்னும் மாமனார் பெயரில் இருக்கிறது.

அப்படி இருப்பதால் என்ன நஷ்டம் என்று நகரத்தில் இருப்பவர்களுக்குத் தோன்றலாம். கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் கேட்டால் சிட்டா, அடங்கல் வேண்டும். பயிர்க் காப்பீட்டுக்கும் வேண்டும். ஆண்டுக்கு 6,000 ரூபாய் வரும் பிரதமர் கிசான் உதவிக்கு நிலம் தன் பெயரில் இருக்க வேண்டும். 2025 தொடக்கத்தில் விவசாயிகளுக்குத் தனித்துவ அடையாள எண் கொடுக்க ஊர் ஊராக முகாம் போட்டார்கள். அதற்கும் அடிப்படை பட்டாதான். நிலத்தில் நிற்பவர் ஒருவர், அரசாங்கத்தின் கண்ணில் விவசாயி இன்னொருவர். அந்த இன்னொருவர் உயிரோடு இல்லை.

பெயர் மாற்றத்துக்கு அவர் ஏறி இறங்க வேண்டிய படிகளைக் கேட்டுக் குறித்துக்கொண்டேன். முதலில் இறப்புச் சான்று. வீட்டில் நடந்த இறப்பானால் கிராமத்தில் பதிவாளர் வி.ஏ.ஓ.தான், 21 நாளுக்குள் சொன்னால் சுலபம், விட்டுப்போனால் அலைச்சல். அடுத்தது வாரிசுச் சான்று. இ-சேவை மையத்தில் விண்ணப்பித்தால் வி.ஏ.ஓ.வும் வருவாய் ஆய்வாளரும் விசாரித்து, தாசில்தார் கொடுப்பார். அதில் மகள் பெயரும் வரும், வர வேண்டும். தமிழ்நாட்டில் 1989-இலேயே பிறந்த வீட்டுச் சொத்தில் பெண்ணுக்குச் சமபங்கு என்று சட்டம் வந்துவிட்டது. பிறகு, வாரிசுகள் எல்லோர் பெயரிலும் கூட்டுப் பட்டா. அல்லது பாகம் பிரித்துப் பத்திரம் பதிந்து, சர்வேயர் வந்து அளந்து உட்பிரிவு செய்து, தனித்தனிப் பட்டா. பத்திரத்தில் கையெழுத்துப் போட எல்லோரும் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வர வேண்டும். சவூதிக்காரர் அங்குள்ள தூதரகத்தில் அதிகாரப் பத்திரம் எழுதி அனுப்ப வேண்டும். திருப்பூர்க்காரர் லீவு போட வேண்டும். செந்துறை நாத்தனார் வர வேண்டும்.

இந்தப் படிகளில் ஏறத் தொடங்கியபோது இவருக்குத் தெரிந்த செய்தி இன்னொன்று. அந்த நிலத்தின் ஒரு பகுதி கணக்கில் பக்கத்து நிலத்துக்காரர் பெயரில் ஏறியிருக்கிறது. "யூடிஆர்ல தப்பாப் போச்சாம்" என்றார்.

தமிழ்நாட்டுக் கிராமத்துப் பெண்கள் சர்வசாதாரணமாகச் சொல்லும் சொல் இந்த 'யூடிஆர்'. 1979 ஜூன் தொடங்கி 1987 ஏப்ரல் வரை மாநிலம் முழுக்க நில உடைமைப் பதிவேடுகளைப் புதுப்பித்தார்கள். அந்தத் திட்டத்தின் ஆங்கிலப் பெயர்ச் சுருக்கம் அது. பெரிய வேலை, பெரும்பாலும் நல்ல வேலை. ஆனால் கோடிக்கணக்கான உட்பிரிவுகளைக் கையால் எழுதியபோது பெயர் மாறியது, தந்தை பெயர் மாறியது, விஸ்தீரணம் மாறியது. ஊரில் அப்போது இருந்தவர் திருத்திக்கொண்டார், இல்லாதவர் கோட்டைவிட்டார். நாற்பது ஆண்டுகள் கழித்து, அன்றைக்குப் பிறந்தே இராத ஒரு மருமகள் அந்தப் பிழைக்கு மனு எழுதிக்கொண்டிருக்கிறார்.

இதே காலத்தில்தான் கிராமக் கணக்கை எழுதுபவரும் மாறினார். 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு ஓர் அவசரச் சட்டத்தால் கர்ணம், மணியக்காரர் பதவிகளை ஒழித்தது. பரம்பரை பரம்பரையாகச் சில குடும்பங்களில் இருந்த நிலக் கணக்கு, தேர்வெழுதி வரும் அரசு ஊழியரிடம் வந்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 1982-இல் அரசு பக்கமே தீர்ப்பானது. நம் கிராமங்களில் நடந்த பெரிய அதிகார மாற்றங்களில் ஒன்று அது. அதைப் பற்றிப் போதிய அளவு எழுதப்படவில்லை என்பது என் வருத்தம். இந்த மாவட்டத்தில் பட்டியல் சாதியினர் 100-க்கு 31 பேர். அந்தக் குடும்பங்களின் பிள்ளைகள் இன்று வி.ஏ.ஓ.வாக மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, கர்ணத்தின் வாரிசுகளுக்கும் சான்று எழுதித் தருகிறார்கள். பழைய ஏற்பாட்டில் அது நடந்திருக்காது.

மதியத்துக்கு மேல் அவரைக் கூப்பிட்டார்கள். மனுவுக்கு எண் போட்டு, பக்கத்திலேயே நின்ற வி.ஏ.ஓ.விடம் கணக்கைத் திறக்கச் சொன்னார்கள். பிழை இருப்பது தெரிந்தது. திருத்தும் அதிகாரம் கோட்டாட்சியருக்கு. எதிர்த்தரப்பையும் விசாரித்துத்தான் உத்தரவு போட முடியும் என்றார்கள். சொன்ன விதத்தில் கடுமை இல்லை. "இதுவரைக்கும் பொஸ்தகத்தக் கண்ணாலயே பாத்ததில்ல. இன்னைக்குத்தான் பாத்தேன்" என்று வெளியே வந்து சொன்னார். அதுவே அவருக்குப் பெரிதாக இருந்தது.

திங்கட்கிழமை பெரம்பலூர் ஆட்சியரகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாள். சிறுவாச்சூர் மதுரகாளியம்மன் கோயில் நடை திறப்பதும் திங்களும் வெள்ளியும்தான். அதனால் திங்கள் காலைப் பேருந்துகளில் அம்மனிடம் போகிறவர்களும் ஆட்சியரிடம் போகிறவர்களும் கலந்தே இருந்தார்கள். இரண்டு இடத்துக்கும் சேர்த்துப் புறப்பட்டவர்களும் இருந்தார்கள்.

ஆட்சியரக வாசலில் போலீசார் பைகளைச் சோதித்து, தண்ணீர் பாட்டிலைத் திறந்து முகர்ந்து பார்த்து அனுப்பினார்கள். 2017 அக்டோபரில் நெல்லை ஆட்சியரக வளாகத்தில் கந்துவட்டிக்கு ஆளான ஒரு குடும்பம் குழந்தைகளோடு தீக்குளித்தது. மனு கொடுத்துக் கொடுத்துச் சலித்தவர் என்ன செய்வார் என்ற பயம் இன்று தமிழ்நாட்டின் எல்லா ஆட்சியரக வாசல்களிலும் நிற்கிறது. உள்ளே கணினியில் பதிந்து எண் தருகிறார்கள். வீட்டுமனைப் பட்டா, முதியோர் உதவித்தொகை, மாதம் 1,000 ரூபாய் மகளிர் உரிமைத்தொகை, குடிநீர், சுடுகாட்டுப் பாதை. இங்கும் நின்றவர்களில் பெரும்பகுதி பெண்கள்தான்.

யாரிடம் எதற்குப் போக வேண்டும் என்பது எளிதாக இல்லை. இந்த மாவட்டத்தின் நிர்வாகத்துக்கு இரண்டு வரைபடங்கள் உண்டு. வருவாய்த் துறையின் வரைபடத்தில் பெரம்பலூர், வேப்பந்தட்டை, குன்னம், ஆலத்தூர் என்று நான்கு வட்டங்கள், அவற்றுக்குக் கீழே 152 வருவாய்க் கிராமங்கள். ஊரக வளர்ச்சித் துறையின் வரைபடத்தில் நான்கு ஒன்றியங்கள், 121 ஊராட்சிகள். மூன்று ஒன்றியங்களுக்கு வட்டத்தின் பெயரே பெயர். நான்காவது வேப்பூர். ஆகவே நம் பெண்மணி பட்டாவுக்குக் குன்னம் போக வேண்டும், தொகுப்பு வீட்டுக்கும் நூறு நாள் வேலைக்கும் வேப்பூர் போக வேண்டும். வேப்பூரிலும் இரண்டு வட்டார வளர்ச்சி அலுவலர்கள் (பி.டி.ஓ.) இருப்பார்கள்: ஒருவர் வட்டார ஊராட்சிக்கு, மற்றவர் கிராம ஊராட்சிகளுக்கு.

வாக்களிக்கும் வரைபடம் மூன்றாவது. மாவட்டத்தில் பெரம்பலூர், குன்னம் என்று இரண்டே சட்டமன்றத் தொகுதிகள். குன்னம் தொகுதி அரியலூர் மாவட்டத்துச் செந்துறைப் பக்கம் நீள்கிறது. நாடாளுமன்றத்துக்கு அது சிதம்பரத்தோடு சேர்கிறது. பெரம்பலூர் மக்களவைத் தொகுதியோ மேற்கே காவிரியைத் தாண்டிக் கரூர் மாவட்டத்துக் குளித்தலை வரைக்கும் போகிறது. இந்த மாவட்டமே 1995-இல் திருச்சியிலிருந்து பிரிந்து உண்டானது. அதிலிருந்து அரியலூர் 2001-இல் பிரிந்து, 2002-இல் மறுபடி சேர்ந்து, 2007 நவம்பரில் திரும்பவும் பிரிந்தது. இரண்டாம் பிரிவுக்குப் பிறகு மிஞ்சியதுதான் இப்போதைய பெரம்பலூர். சிறிய மாவட்டம் என்பதில் ஒரு நன்மை உண்டு: எந்த ஊரிலிருந்து கிளம்பினாலும் ஒரு பொழுதில் ஆட்சியரைப் பார்த்துவிட்டு வீடு திரும்பலாம். திருச்சிக்குப் போய்வந்த காலத்தை நினைவு வைத்திருப்பவர்கள் அந்த நன்மையை மறக்கவே இல்லை.

மறுநாள் அவருடைய ஊருக்குப் போனேன். ஏரிக்கரை ஓரமாக வாய்க்கால் வேலை நடந்துகொண்டிருந்தது. மண்வெட்டியோடும் சட்டியோடும் நின்றவர்களில் ஆண்கள் சிலரே, அவர்களும் அறுபதைக் கடந்தவர்கள். தமிழ்நாடு முழுவதும் நூறு நாள் வேலைக்கு வருவோரில் 100-க்கு 85-க்கும் மேல் பெண்கள் என்பதால் அதில் அதிசயம் இல்லை. பணித்தளப் பொறுப்பாளரும் இளம்பெண். கைப்பேசியை உயர்த்திப் பிடித்து எல்லோரையும் படமெடுத்துச் செயலியில் ஏற்றினார். நாளுக்கு இரண்டு முறை அப்படி ஏற்றினால்தான் வருகை கணக்கானது. சிக்னல் கிடைக்க மேட்டில் ஏறி நின்றார்.

2025 ஏப்ரலிலிருந்து கூலி 336 ரூபாய் ஆகியிருந்தது. கூலி உயர்ந்ததைவிட, முந்தைய மழைக்காலத்துக்குப் பிறகு பல மாதம் கூலியே வராமல் கிடந்ததுதான் அவர்கள் பேச்சாக இருந்தது. "செஞ்ச வேலைக்குக் கூலிய நிறுத்தி வெச்சா, அரிசி மண்டியில நிறுத்தி வெப்பாங்களா?" என்று ஒரு பாட்டி கேட்டார். ஒன்றிய அரசுக்கும் மாநில அரசுக்கும் இடையே எந்தக் கோப்பு எங்கே நின்றது என்பது அவருக்குத் தேவையில்லாத விவரம். வேலை முடிந்த பதினைந்து நாளில் கூலி தர வேண்டும் என்பது நூறு நாள் வேலைச் சட்டத்திலேயே இருந்தது.

ஊராட்சி அலுவலகம் பூட்டவில்லை. செயலர் இருந்தார், தலைவர் நாற்காலி காலி. 2019 டிசம்பரில் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களின் பதவிக்காலம் 2025 ஜனவரி 5-ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. நான் போன நாள்வரை புதிய தேர்தல் நடக்கவில்லை. கிராம ஊராட்சிகளுக்கான பி.டி.ஓ.தான் அப்போது தனி அலுவலர். 121 ஊராட்சிகளை நான்கு ஒன்றியங்களுக்குப் பங்கிட்டால் ஒருவர் தலையில் சராசரியாக முப்பது ஊர்கள். அவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் முப்பது ஊர்க் குழாயடியில் நிற்க முடியாது.

இந்த இடத்தில் பெண்கள் இழந்தது அதிகம். தமிழ்நாட்டில் உள்ளாட்சியில் சரிபாதி இடம் பெண்களுக்கு என்று 2016-இல் சட்டம் வந்தது. தலைவருக்குப் பதிலாகக் கணவர் பேசிய ஊர்கள் உண்டு, மறுக்கவில்லை. ஆனாலும் காசோலையில் தலைவரும் துணைத் தலைவரும்தான் கையெழுத்துப் போட வேண்டும். தானே ஒன்றிய அலுவலகம் போய் வாதாடிப் பழகிய பெண் தலைவர்களையும் பார்த்திருக்கிறேன். அந்தப் பழக்கம் முதிர ஆரம்பித்த நேரத்தில் நாற்காலியே இல்லாமல் போய்விட்டது. கிராமசபை ஆண்டுக்கு ஆறு முறை கூடத்தான் செய்கிறது. தீர்மானம் போட்டு, மறுநாள் யார் வீட்டு வாசலில் போய்க் கேட்பது என்று ஏரிக்கரையில் கேட்டார்கள். பதவிக்காலம் முடியுமுன் தேர்தல் நடத்துவது அரசியலமைப்பு வைத்த கட்டளை. அதை மீறுவது எந்தக் கட்சியின் ஆட்சியிலும் சிறிய தவறு அல்ல.

அங்கன்வாடிக்கு நான் போனது வேறொரு எண்ணுக்காக.

2011 கணக்கில் ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகள் தனியாக இருக்கிறார்கள். பெரம்பலூரில் சிறுவர் 30,893, சிறுமியர் 28,213. ஆயிரத்துக்கு 913. மாநில சராசரி 943. பெரியவர்களையும் சேர்த்தால் 1003 பெண்கள் என்று வரும் அதே மாவட்டத்தில், குழந்தைகளைத் தனியாக எடுத்தால் 913. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க எனக்குத் துணிவு வேண்டியிருந்தது. மேலே இருக்கும் எண் ஊரைவிட்டுப் போன ஆண்களால் உயர்ந்தது. கீழே இருக்கும் எண் பிறக்க விடப்படாத பெண்களால் தாழ்ந்தது. மாநில சராசரி அளவுக்காவது இங்கே பெண்கள் பிறந்து வளர்ந்திருந்தால் இன்னும் 900-க்கும் மேற்பட்ட சிறுமிகள் அன்றைக்கு இருந்திருக்க வேண்டும். சிறிய மாவட்டம் என்பதால் எண்ணும் சிறிதாகத் தெரியலாம். ஒரு பெரிய மேல்நிலைப் பள்ளி நிறையும் அவ்வளவு பிள்ளைகள்.

அங்கன்வாடிப் பணியாளர் பதிவேடுகளைக் காட்டவில்லை. காட்டக் கூடாது என்பது விதி, நானும் கேட்கவில்லை. எப்படி எழுதுகிறார் என்று மட்டும் சொன்னார். வீடு வீடாக ஆண்டுதோறும் கணக்கெடுக்கிறார். கர்ப்பம் தெரிந்ததும் கிராம சுகாதார செவிலியரிடம் பதிந்து பிக்மி எண் வாங்க வேண்டும். அது இல்லாவிட்டால் பிறப்புச் சான்றில் சிக்கல் வரும். "யாரு எத்தன மாசம்னு எனக்குத் தெரியும். நாலாம் மாசத்துல திடீர்னு 'கலைஞ்சு போச்சு'ன்னு சொல்ற வீடும் தெரியும். எல்லாம் தானா கலையறதுதான்னு நம்பணும்னு நானும் நெனைக்கிறேன்" என்றார். அதற்கு மேல் அவர் பேசவில்லை. நான் துருவவில்லை.

கருவில் இருப்பது ஆணா பெண்ணா என்று சொல்வதைத் தடுக்கும் சட்டம் 1994-இலேயே வந்தது. ஸ்கேன் மையங்களின் சுவரில் அறிவிப்புப் பலகை மாட்டியிருக்கிறது. தமிழ்நாட்டின் வட, மத்திய மாவட்டங்களில் திருட்டுத்தனமாக ஸ்கேன் செய்து சொல்லும் கும்பல்கள் பிடிபடும் செய்தி இன்னும் வந்துகொண்டே இருக்கிறது. அரசு தன் பங்குக்குப் பெண் குழந்தை பாதுகாப்புத் திட்டம் வைத்திருக்கிறது: ஒரே பெண் என்றால் 50,000 ரூபாய், இரு பெண்கள் என்றால் ஆளுக்கு 25,000 ரூபாய் வைப்புத்தொகை, ஆண் குழந்தை இருக்கக் கூடாது, பெற்றோரில் ஒருவர் கருத்தடை செய்திருக்க வேண்டும். மகன் வேண்டும் என்ற நினைப்பைப் பணம் கொடுத்து மாற்றப் பார்க்கிறார்கள். அந்த நினைப்பின் வேரில் ஒன்று எங்கே இருக்கிறது என்பதை நான் குன்னத்தில் பார்த்தேன் என்றே நம்புகிறேன். நிலம் மகன் பெயருக்குப் போகும் வரை, மகள் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்காக மட்டும் பிறந்த வீட்டுக்கு அழைக்கப்படும் வரை, ஆயிரத்துக்கு இத்தனை என்ற கணக்கு வைப்புத்தொகையால் மட்டும் சரியாகாது. வருவாய்த் துறையின் வேலை வேறு, சுகாதாரத் துறையின் வேலை வேறு என்று இரண்டு அலுவலகங்களும் நினைத்துக்கொண்டிருக்கின்றன. பட்டாப் பெயர் மாற்றமே பெண் குழந்தை பாதுகாப்புத் திட்டத்தின் முதல் பக்கமாக இருக்க வேண்டும்.

2011-இல் ஆறு வயதுக்குள் இருந்தவர்கள் 2025-இல் பதினான்கிலிருந்து இருபது வயதில் இருந்தார்கள். அதற்குச் சற்று மூத்த பையன்களுக்குப் பெண் தேடிக் கொங்கு நாட்டுக்கும் அதற்கு அப்பாலும் தரகர் போவதாக அந்த ஊர் டீக்கடையில் பேசிக்கொண்டார்கள். இந்தப் பக்கத்துப் பெண் பிள்ளைகள் படிப்பில் விட்டுக்கொடுப்பதில்லை. 2011-இல் இந்த மாவட்டத்துப் பெண்களில் எழுதப் படிக்கத் தெரிந்தவர் 100-க்கு 66 பேர்தான். ஆனால் ஜமாபந்தியில் தாய்மார்களின் மனுவைப் படித்துச் சொல்லிக்கொண்டிருந்தவர்களில் கல்லூரியில் படிக்கும் மகள்களைப் பார்த்தேன்.

நான் ஊர் திரும்பிய பிறகு, 2025 ஜூன் 16 அன்று, அடுத்த மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்கு அறிவிக்கை வந்தது. 2021-இல் நடந்திருக்க வேண்டியது. கணக்கெடுப்பு நாள் 2027 மார்ச் 1. அதுவரைக்கும் 5,65,223 என்ற பழைய எண்ணை வைத்துத்தான் இந்த மாவட்டத்துக்குத் திட்டம் தீட்டுவார்கள். கேள்வித்தாளோடு வீட்டுக்கு வருபவர் பெரும்பாலும் ஊர்ப் பள்ளி ஆசிரியராக இருப்பார். இம்முறை சாதியும் கேட்பார்கள், கைப்பேசியிலேயே பதிவார்கள். நிலம் யார் பெயரில் என்று கேட்க மாட்டார்கள்.

இந்தச் செய்தியைச் சொல்லத்தான் அந்தப் பெண்மணியைத் தொலைபேசியில் அழைத்தேன். அவருக்கு அதில் பெரிய ஆர்வம் இல்லை. கோட்டாட்சியர் அலுவலகத்திலிருந்து விசாரணைக்குக் கடிதம் வந்திருக்கிறதாம். பக்கத்து நிலத்துக்காரர் ஒத்துக்கொள்ளும் மனநிலையில்தான் இருக்கிறாராம். ஆடிக்குள் நாத்தனாரை வரவழைத்துப் பத்திரத்தை முடித்துவிட வேண்டும் என்றார்.

"அவங்க பங்கு கேட்டா?"

"கேட்டா என்னம்மா, கேக்கத்தானே செய்வாங்க. சர்வேயர்கிட்ட மூணு துண்டாத்தான் அளக்கணும்னு சொல்லி வெச்சிருக்கேன். கெணறு மட்டும் பொதுவுல இருக்கட்டும். எங்க பங்க எம் பேருல எழுதுறதுக்கு இவரு சவூதியிலேருந்து பத்திரம் அனுப்பறேன்னிருக்காரு. வந்தோடன உங்களுக்குப் போன் போடறேன்."

இன்னும் போன் வரவில்லை. ஆடி பிறக்கச் சில நாட்கள் இருக்கின்றன.